வக்கீலம்மா தூக்கிய கை

வகுப்பில் அவளுக்கு வக்கீலம்மா என்று பேர். பெற்றவர்கள் ஆசையாக வைத்த பெயர் வருகைப் பதிவேட்டோடு சரி. வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்பார்கள், இவள் பிழைப்பதோடு நிற்காமல் ஊருக்கும் சேர்த்து வழக்காடுவாள். ஆனால் அந்த வாய்க்கு ஒரு கட்டுப்பாடு உண்டு. கை தூக்காமல் ஒரு வார்த்தை வராது. வலது கையைத் தூக்கி, இடது கையால் முழங்கையைத் தாங்கிக்கொண்டு, ஆசிரியரின் கண் தன் பக்கம் திரும்பும்வரை உட்கார்ந்திருப்பாள். முதல் வகுப்பில் வந்த பழக்கம், அது அவளோடு கூடவே வளர்ந்துவிட்டது.

அவளுக்கு ஒரே ஒரு சிநேகிதி, ஊசி. அம்மா தையல்காரி என்பதால் அந்தப் பட்டம். ஊசிக்கு வீடு என்பது ஒற்றை அறை. அதில் பாதியைத் தையல் மெஷின் பிடித்துக்கொள்ளும், மீதியை அதன் சத்தம் பிடித்துக்கொள்ளும். அதனால் பள்ளி விட்டதும் இருட்டும்வரை நூலகத்தில்தான் படிப்பாள். அந்த நூலகத்தைக் கடைசி மணியோடு பூட்டிவிடலாம் என்று பள்ளி நிர்வாகக் குழுவில் பேச்சு அடிபட்டது. அங்கே உட்கார்ந்து படிக்கிற பிள்ளைகளை மட்டும் யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

"குழுவுல நமக்கு ஒரு நாற்காலி வேணும்டி," என்றாள் ஊசி. "நான் எழுதறேன், நீ பேசு."

அடிமேல் அடி வைத்தால் அம்மியும் நகரும் என்று நம்பி இருவரும் வகுப்பு வகுப்பாக ஏறி இறங்கினார்கள். கையெழுத்து வாங்கினார்கள். பெற்றோரை மடக்கிப் பேசினார்கள். தலைமை ஆசிரியையை மாடிப்படியில் வழிமறித்தார்கள். கடைசியில் அம்மி மாதிரி நின்றவர் குழுத் தலைவர் ஒருவர்தான். மரக்கடை முதலாளி. "பசங்க வாய்ல எதுவும் நிக்காதும்மா. இங்க பேசறது சாயங்காலம் ஸ்கூல் கேட் வாசல்ல நிக்கும்," என்றார்.

அதற்கும் ஊசி ஒரு வழி கண்டுபிடித்தாள். அன்றே உட்கார்ந்து ஓர் உறுதிமொழி எழுதினாள். உள்ளே நடப்பதை எங்கள் பிரதிநிதி வெளியே சொல்லமாட்டார், அனுப்பிய எங்களிடம்கூடச் சொல்லமாட்டார், சொன்னால் நாற்காலியைத் திரும்ப எடுத்துக்கொள்ளலாம். முத்து முத்தான கையெழுத்து. முதலாளிக்கு மறுக்க வழியில்லாமல் போனது. நாற்காலி வந்தது, வக்கீலம்மா அதில் போய் உட்கார்ந்தாள்.

முதல் கூட்டத்திலேயே நூலகம் வந்துவிட்டது. பெரியவர்கள் பேசினார்கள் என்று சொல்ல முடியாது, ஒருவர் பேச்சில் ஒருவர் விழுந்தார்கள். பொறுப்பாக நிற்க ஆளில்லை என்றார் செயலாளர். குழுவில் இருந்த பல் டாக்டர் குறுக்கே வந்தார், அவரை இன்னொருவர் வெட்டினார். வக்கீலம்மா கையைத் தூக்கினாள். யாரும் பார்க்கவில்லை. இடது கையால் முழங்கையைத் தாங்கிக்கொண்டாள். ஊசி எழுதிக் கொடுத்த முதல் வாக்கியத்தை மனசுக்குள் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தாள்.

தலைவர் பேனாவால் மேசையை இரண்டு தட்டுத் தட்டினார். அங்கே அதுதான் வழக்கம். தட்டினால் ஓட்டு, சம்மதம் உள்ளவர் கை தூக்க வேண்டும். புதிதாக வந்தவளுக்கு அதை யார் சொன்னார்கள்? சத்தம் சட்டென்று அடங்கி மூன்று கைகள் எழுந்ததும், பெரியவர்களுக்கு இப்போதாவது மரியாதை வந்ததே என்று அவளுக்குச் சந்தோஷமாகக்கூட இருந்தது. தன் முறைக்காகக் கையை இன்னும் கொஞ்சம் உயர்த்திப் பிடித்தாள்.

"நாலு. தூக்காதவங்க மூணு. ஆச்சு, அடுத்தது."

"ஐயா, நூலகம் பத்தி..."

"அது முடிஞ்சுதேம்மா."

"நான் பேசறதுக்குத்தான் ஐயா தூக்கினேன்."

யாரோ சிரித்தார்கள். செயலாளர், எழுதியாகிவிட்டது என்றார். அடுத்த கூட்டத்தில் பார்த்துக்கொள்ளலாம் என்று தலைமை ஆசிரியை மெதுவாகச் சொன்னார். முதலாளி மட்டும் கண்ணாடிக்கு மேலே பார்த்தார். "வெளியில மூச்சு விடக்கூடாது. ஞாபகம் இருக்கில்ல?"

மறுநாள் காலை அறிவிப்புப் பலகையில் ஒட்டிவிட்டார்கள். மாணவர் பிரதிநிதி உட்படப் பெரும்பான்மையோர் ஆதரவுடன், நூலகம் இனி கடைசி மணியோடு மூடப்படும்.

ஊசி அவளைச் சைக்கிள் நிறுத்துமிடத்தில் பிடித்தாள். "கை தூக்கினியா இல்லையா?"

"தூக்கினேன்."

"எதுக்கு?"

வக்கீலம்மா வாயைத் திறந்தாள். ஒரு வாக்கியம் போதும், எல்லாம் சரியாகிவிடும். ஆனால் சொன்ன கையோடு நாற்காலி போகும், அடுத்து வருகிற பிள்ளைக்கும் சேர்த்துப் போகும். "சொல்லக் கூடாதுடி," என்றாள்.

"சொல்லக் கூடாதுன்னு யார் சொன்னா?"

"நீதான் எழுதிக் கொடுத்தே."

ஊசி குனிந்து பூட்டைத் திறந்தாள். பிறகு சைக்கிளை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். அன்றிலிருந்து அவள் முன் பெஞ்சு, இவள் பின் பெஞ்சு.

திருடனுக்குத் தேள் கொட்டினால் கத்த முடியாது என்பார்கள். இவள் திருடவே இல்லை, கொட்டு மட்டும் வாங்கினாள். மதியம் டிபன் பாக்ஸைத் திறந்தால் பக்கத்தில் ஆள் இருக்காது. இவள் நடந்தால் பேச்சு நின்று, கடந்த பிறகு தொடங்கும். சாயங்காலம் நூலக வாசலில் பூட்டைப் பார்த்துக்கொண்டு நிற்பாள், எதற்கென்று அவளுக்கே தெரியாது. "ஊசி ஏன்டி வர்றதே இல்ல?" என்று அம்மா கேட்டால், "பரீட்சை வருதும்மா" என்பாள். எத்தனை தரம்தான் ஒரே பரீட்சை வரும்? அம்மாவும் அதற்கு மேல் கேட்கவில்லை. இவ்வளவு பேச்சை உள்ளே வைத்துக்கொண்டு ஒரு மனுஷி தனியாக இருக்க முடியும் என்பது வக்கீலம்மாவுக்கு அதுவரை தெரியாது.

அடுத்த கூட்டத்துக்கு இன்னும் நாள் இருந்தது. அதற்குள் ஒரு நாள் கணக்கு ஆசிரியை பலகையில் ஒரு கணக்கை எழுதினார். சாக்பீஸால் பலகையை இரண்டு தட்டுத் தட்டினார். "தெரிஞ்சவங்க?"

கைகள் எழுந்தன. முன் பெஞ்சில் ஊசியின் கையும் எழுந்தது. வக்கீலம்மா தன் வலது கையைத் தொடைக்கு அடியில் வைத்து அதன்மேல் உட்கார்ந்திருந்தாள்.

"வக்கீலம்மா, உனக்குத் தெரியாதா?"

"தெரியும் மிஸ்."

"அப்போ கை எங்க?"

அவள் யோசித்துச் சொல்லவில்லை. "தூக்கினா எண்ணிடுவாங்க மிஸ்."

வகுப்பு சிரித்தது. ஆசிரியையும் சிரித்துவிட்டார். ஊசி சிரிக்கவில்லை. தூக்கியபடி இருந்த தன் கையை ஒரு தரம் அண்ணாந்து பார்த்தாள். பிறகு அதை மெல்ல இறக்கிவிட்டு, இத்தனை நாளில் முதல் முறையாகப் பின்னால் திரும்பினாள்.