நாற்பத்திரண்டாவது எலும்பு

லண்டன் நகைச்சுவை நடிகை சுகந்தா ஏரம்பு யாரையும் தொடாமல், மேடையில் நின்றபடியே நாற்பத்தொரு எலும்புகளை முறித்தவள். நாற்பத்திரண்டாவது எலும்பு முறிந்த வெள்ளிக்கிழமை மாலை நான்கு மணிக்கு, துபாய் சோனாப்பூர் தொழிலாளர் கேம்பின் சாப்பாட்டுக் கூடத்தில் இருந்தவர்கள் வருமாறு: முன்வரிசையில், கைவைத்த ஒரே நாற்காலியில், மடியில் சுவரின் மட்டம் பார்க்கும் இரும்பு ரசமட்டத்தோடு ஃபோர்மன் அருள்முருகன். அவருக்கு இடப்பக்கம், வலது கையில் மாவுக்கட்டோடு கொத்தனார் சோலைமுத்து; அங்கே உட்காரும்படி ஃபோர்மன்தான் சொல்லியிருந்தார். மூன்றாம் வரிசை ஓரத்தில், சோலைமுத்துவின் ரூமில் மேல்கட்டிலில் படுக்கும் ஐயப்பன். கதவருகே மேசை போட்டு, கேம்ப் ஆபீஸ் கிளார்க் செய்கு முகம்மது. மற்ற இருநூற்றுப்பத்துப் பேர் பெஞ்சுகளிலும், பெஞ்சு போதாதவர்கள் கவிழ்த்துப் போட்ட பெயிண்ட் டப்பாக்களிலும் இருந்தார்கள்.

சுகந்தா, லண்டனில் பலசரக்குக் கடை வைத்திருந்த யாழ்ப்பாணத்துக்காரர் ஏரம்புவின் ஒரே மகள். இருபத்துமூன்று வயதில் ஒரு மதுக்கடையின் பின்னறையில், தன் பழைய தலைமையாசிரியை படிக்கட்டில் உருள்வதுபோல் நடித்தாள். அதே நிமிடம் நாலு தெரு தள்ளிக் கட்டிலில் படுத்துப் பேப்பர் படித்துக்கொண்டிருந்த தலைமையாசிரியைக்கு இடுப்பெலும்பு முறிந்துபோயிற்று. அதன்பின் வானொலி, அதன்பின் தானே எழுதி நடித்த மூன்று வருடத் தொலைக்காட்சித் தொடர். பஸ் பரிசோதகருக்கு முழங்கால், வீட்டுக்காரருக்குத் தாடை, பக்கத்துவீட்டுப் பாதிரியாருக்கு இரண்டு விலா. அச்சு அசலாகச் செய்கிறாள் என்று பத்திரிகைகள் எழுதின. ஒரு விருந்தில் தன் தயாரிப்பாளரைப்போல் நடித்துக் கதவில் கையை நசுக்கிக் காட்டினாள். அவருக்கு மூன்று விரல்கள் போன பிறகு, இறந்தவர்களை மட்டுமே நடிக்கலாம் என்று இன்ஷூரன்ஸ்காரர்கள் ஒப்பந்தத்தில் ஒரு வரி சேர்த்தார்கள். இறந்தவர்களுக்கு எலும்பு முறிவதில்லை. எனவே பதினோரு வருடமாக அவள் தன் செத்துப்போன அம்மா சிவகொழுந்தையே நடித்து, அம்மாவையே மாடியிலிருந்து தள்ளி, தோசைக்கரண்டியால் அடித்து, அந்த அம்மா வேடத்தோடு துபாய்க்கு வந்து தேராவில் வீடெடுத்து, ஹோட்டல்களில் நிகழ்ச்சி செய்துகொண்டிருந்தாள். மாதம் ஒரு வெள்ளிக்கிழமை கேம்பில் இலவசமாக.

மூன்று வாரத்துக்கு முன், கல்வரிசை அரை விரல் சரிந்ததென்று அருள்முருகன் ரசமட்டத்தால் அடித்ததில் சோலைமுத்துவின் மணிக்கட்டு இரண்டாகப் போயிற்று. விபத்து என்றால் ஒரு மாதத்துக்குள் ஃபோர்மன் தலைமை அலுவலகத்துக்குக் கடிதம் அனுப்ப வேண்டும். ‘தானே வழுக்கி விழுந்தான்’ என்று எழுதப்போவதாக அவர் எல்லோர் முன்னாலும் சொல்லிவிட்டார். அப்படி எழுதினால் வைத்தியம் நிற்கும், விசா ரத்தாகும், சாந்து பூசும் கரணையைப் பிடிக்க முடியாத கையோடு சோலைமுத்து விமானம் ஏற வேண்டும்.

அடுத்த நிகழ்ச்சிக்கு நாள் குறிக்க கேம்புக்கு வந்த சுகந்தாவிடம் ஐயப்பன்தான் கேட்டான். “அக்கா, எங்க ஃபோர்மன ஒருதடவ நடிச்சுக் காட்டுங்க.”

“நான் ஆரைச் செய்தாலும் அவருக்கு அடி விழும், தம்பி.”

“அதுக்குத்தானக்கா கேக்குறோம். சும்மா சிரிக்கிறதுக்குச் செல்போன் இல்லையா?”

அவள் இரண்டு முறை மறுத்தாள். மூன்றாம் முறை, பக்கத்தில் நின்ற சோலைமுத்து டீ கிளாஸைப் பிடிக்கப் பார்த்து, அது அவன் காலிலேயே விழுந்து உடைந்தது. சுகந்தா நோட்டை எடுத்தாள். எந்தக் காலை முதலில் வைப்பார், குரல் மூக்கிலா தொண்டையிலா, அடிக்கும்போது முழங்கை எவ்வளவு உயரும் என்று ஒவ்வொன்றாகக் கேட்டு எழுதுவது அவள் வழக்கம். ஃபோர்மன் சைட்டில் இருந்ததால் எல்லாவற்றையும் ஐயப்பனே நடந்து காட்டினான். டூட்டி முடிந்து வந்தால் ரூமில் தினமும் அவன் செய்யும் வேடிக்கை அது. பன்னிரண்டு பேரும் சிரிப்பார்கள், ஒருவரும் ஒரு குறை சொன்னதில்லை.

தப்பு அங்கேதான் நடந்தது. அந்த வெள்ளிக்கிழமை சுகந்தா “யல்லா, ஜல்தி” என்று ஃபோர்மன்போல் அவசரப்படுத்திக் கத்திக்கொண்டே மேடையில் நடந்து, அட்டை ரசமட்டத்தைச் சுழற்றித் தன் தோளிலேயே போட்டுக்கொண்டபோது, மூன்றாம் வரிசையில் ஐயப்பனின் காறையெலும்பு காய்ந்த விறகுபோல் முறிந்தது. சிரிப்புச் சத்தத்தில் அவளுக்கு அது கேட்கவில்லை. இரண்டாவது சுழற்றலில் விலா. மூன்றாவதில் அவனுடைய முன்பற்கள் இரத்தத்தோடு முன்னால் இருந்தவன் பிடரியில் விழுந்தன. அருள்முருகனோ கண்ணில் நீர் வரச் சிரித்துக்கொண்டிருந்தார். தான் கற்றது ஃபோர்மனின் நடையை அல்ல, ஃபோர்மனாக நடிக்கும் ஐயப்பனின் நடையை என்று அவளுக்கு அப்போதுதான் புரிந்தது. ஃபோர்மன் எழாததால் கூடத்தில் யாரும் எழவில்லை.

ஃபோர்மன் கண்ணைத் துடைத்துக்கொண்டு மேடையேறினார். அவரை அதுவரை யாரும் அவர் முன்னால் நடித்துக் காட்டியதில்லை; அது சரியாக அமைய வேண்டுமென்று ஆசைப்பட்டார். “மேடம், இது நானில்ல. எவனோ உங்களுக்குத் தப்பாச் சொல்லிக் குடுத்திருக்கான். நான் இப்படியா அன்னநடை நடப்பேன்? நல்லாப் பாத்துக்கங்க.” குறுக்கும் நெடுக்கும் நடந்தார், கத்தினார், திரும்பினார். அடிப்பதையும் காட்ட வேண்டுமல்லவா? “ஏலே சோலை, ஏறி வா. இடது கைய நீட்டு.”

சோலைமுத்து ஏறி, கையை நீட்டினான். நிஜ ரசமட்டம் உயர்ந்தது. அதே உயரத்துக்கு, அதே முழங்கை வளைவோடு சுகந்தாவும் அட்டை ரசமட்டத்தை உயர்த்தி, ஒரு நொடி முந்தித் தன் வலது மணிக்கட்டில் இறக்கினாள். அவள் தோலில் சிவப்புக்கூட ஏறவில்லை. அருள்முருகனின் எலும்பு தோலைக் கிழித்து வெளியே வந்தது. பிறகு அவள் அவசரப்படாமல் இடது மணிக்கட்டு, வலது முழங்கால் என்று வரிசையாகச் செய்தாள். அவர் பேச வேண்டியிருந்ததால் தாடையை மட்டும் விட்டுவைத்தாள். “கலாஸ் மேடம், கலாஸ், போதும்” என்று தரையில் கிடந்தபடி அவர் சொன்னார்.

ஐயப்பனைத் தூக்கிக்கொண்டு போனபோது அவன் வாயைத் துடைத்துக்கொண்டு, “ஏக்கா, என்னைய அவ்வளவு கரெக்டாவா செஞ்சீங்க?” என்று கேட்டான். அவன் முகத்தில் கொஞ்சம் பெருமை இருந்தது.

செய்கு முகம்மது விபத்துக் கடிதத் தாள்களைக் கொண்டுவந்தார். அருள்முருகன் சொல்லச் சொல்ல சுகந்தா எழுதினாள். காரணம் என்ற கட்டத்தில், சோலைமுத்துவுக்கு ‘ஃபோர்மன் ரசமட்டத்தால் அடித்தது’ என்றும், அருள்முருகனுக்கு ‘நாடகம்’ என்றும், ஐயப்பனுக்கு ‘அதே நாடகம், தவறுதலாக’ என்றும் போட்டாள். கையெழுத்துப் போடக் கை இல்லாததால், ஃபோர்மனின் கட்டைவிரலை மையில் ஒற்றி எடுத்தார்கள். செய்கு முகம்மது மூன்றையும் ஒருமுறை படித்து, ஒரு தேதியைத் திருத்தினார்.

“மூணும் ஒரே கவர்ல போகலாமா, தனித்தனியாவா?”

“ஒண்டாவே போடுங்கோ.”

அவர் உறையின் ஓரத்தைப் பசை தடவி ஒட்டி, கம்பெனி முத்திரையைக் குத்தி, மை காய ஊதிவிட்டு, ஐந்தே முக்கால் வண்டியில் தலைமை அலுவலகத்துக்கு அனுப்பினார்.