மில் கேட்டில் எடுத்த படம்

முப்பத்தேழாம் வருஷம் மே மாதம், வாஷிங்டனில் நடக்கும் தேசிய ஸ்பெல்லிங் போட்டிக்கு எங்கள் மாவட்டத்திலிருந்து நான் தேர்வானேன். வயது பன்னிரண்டு. அனுப்புவது உள்ளூர்ப் பத்திரிகை. ரயில், ஓட்டல், புதுக் கவுன் எல்லாம் அவர்கள் பொறுப்பு. அப்போது பஞ்சாலையில் ஸ்டிரைக். என் அப்பா ஹாய்ட் லெட்பெட்டர் ஆறு வாரமாக மற்றவர்களோடு கேட்டுக்கு வெளியே நின்றுகொண்டிருந்தார். வீட்டில் மூன்று வேளையும் பீன்ஸ்.

பத்திரிகை ஆசிரியர் புரூயிட் காமிராவோடு வந்தார்.

"புறப்படறதுக்கு முன்னாடி அப்பாவும் பொண்ணுமா ஒரு படம். மில் கேட்ல எடுத்தா எடுப்பா இருக்கும்."

"கேட்டுக்கு வெளியதானே சார்?" என்றார் அப்பா.

"வெளிய வெயில் கண்ணுல அடிக்குது. ரெண்டடி உள்ள வாங்க. உங்கள யாரு வேலை செய்யச் சொன்னது?"

அப்பா தயங்கினார். பக்கத்துத் தறிக்காரர் கிளெம் பர்டெட் சிரித்தார். "போப்பா ஹாய்ட். பாப்பா வாஷிங்டன் போறா. ரெண்டடில என்ன கருங்காலி ஆயிடப் போற?"

நான்தான் அப்பாவின் கையைப் பிடித்து உள்ளே இழுத்தேன். இதை மறைத்தால் நான் பொய்க்காரி. எனக்கு அந்தக் கவுன் வேண்டியிருந்தது.

ரயிலில்தான் பத்திரிகையைப் பார்த்தேன். முதல் பக்கத்தில் எங்கள் படம். கீழே ஒரு வரி: "மகள் வாஷிங்டனுக்கு, தந்தை வேலைக்கு." என்னைக் கூட்டிப்போன புரூயிட்டின் மனைவி சாக்லேட் நீட்டினாள். "படத்துல நல்லா விழுந்திருக்கம்மா." வாங்கித் தின்றேன்.

வாஷிங்டனில் கழுத்தில் எண் அட்டையோடு நின்றேன். இரண்டாம் சுற்றிலேயே தப்பு என்று மணி அடித்துவிட்டார்கள். எனக்கு நன்றாகத் தெரிந்த சொல்தான்.

ஊர் திரும்பியபோது ஸ்டிரைக் உடைந்திருந்தது. படத்தைப் பார்த்து, லெட்பெட்டரே வேலைக்குப் போய்விட்டான் என்று ஒவ்வொருவராக உள்ளே போயிருந்தார்கள். அப்பா கடைசி ஆளாகப் போனார். கிளெம்மைத் திரும்பச் சேர்க்கவில்லை. மில் கொடுத்திருந்த வீட்டையும் காலி செய்யச் சொல்லிவிட்டார்கள். அவர் சாமான் ஏற்றும்போது அப்பா போய் நின்றார்.

"நீ பாத்தியேப்பா. நீயாவது சொல்லேன்."

"எனக்குத் தெரியும் ஹாய்ட். ஊருக்குச் சொல்ல நான் இங்க இருக்கப் போறதில்லையே."

அதன்பிறகு தேவாலயத்தில் அப்பாவின் பெஞ்சில் யாரும் உட்காரவில்லை.

பத்து வருஷம் கழித்து, மில் தெருவில் முதல் பட்டதாரி நான். புரூயிட் ஆள் அனுப்பிக் கூப்பிட்டார். அப்பாவோடு ஒரு படம் வேண்டுமாம்.

"அந்த வரி பொய்னு மொதல்ல போடுங்க. அப்புறம் வரோம்," என்றேன்.

"பழைய கதைம்மா. யாருக்கு ஞாபகம் இருக்கு?"

"எங்கப்பா பெஞ்சுல ஒரு ஞாயித்துக்கிழமை வந்து உக்காந்து பாருங்க."

புரூயிட் சிரித்தார்.

அந்த ஞாயிறே நான் பட்டம் வாங்கிய செய்தி பத்திரிகையில் வந்துவிட்டது. புதுப் படம் கிடைக்காததால் கேட்டில் எடுத்த பழைய படத்தையே போட்டிருந்தார்கள். அப்பா ஒரு தடவை பார்த்தார். மடித்து வைத்துவிட்டு, சட்டையை மாற்றிக்கொண்டு தேவாலயத்துக்குக் கிளம்பினார்.