இருபுறமும் பன்னிரண்டால்

பரீட்சை முடிந்து வெளியே வந்த மாரிக்கண்ணன், தானும் எழுதிவிட்டு வாசலில் நின்றிருந்த மனைவி பிரேமலதாவிடம் முதலில் கேட்டது அந்தக் கணக்கைத்தான். ஓர் எண்ணின் மூன்றில் இரண்டு பங்கிலிருந்து அதன் நான்கில் ஒரு பங்கைக் கழித்தால் இருபது. அந்த எண் என்ன?

"எனக்கு நாலு வந்துச்சி. ஒனக்கு?"

அவளுக்கு நாற்பத்தெட்டு வந்திருந்தது. அதில் மூன்றில் இரண்டு பங்கு முப்பத்திரண்டு, கால் பங்கு பன்னிரண்டு, கழித்தால் இருபது என்று சரிபார்த்தும் இருந்தாள். பின்னத்தைப் போக்க இடப்பக்கத்தைப் பன்னிரண்டால் பெருக்கியவர், வலப்பக்கத்து இருபதை அப்படியே விட்டிருக்கிறார். வீட்டிலும் இதே தப்பை மூன்று முறை செய்தவர்தான். வெயிலில் அவர் முகம் அப்போதுதான் குளித்து வந்ததுபோல் தெளிவாக இருந்தது.

"எனக்கும் நாலுதான்" என்றாள்.

மும்பை செம்பூரில் ஒரு குடியிருப்பில் பன்னிரண்டு வருடமாக வாட்ச்மேன் அவர். சூப்பர்வைசர் ஆக வேண்டுமென்றால் பத்தாவது பாஸ் வேண்டும் என்று கம்பெனியில் சொல்லிவிட்டார்கள். நாற்பத்தொரு வயதில் தனியாகப் போய் உட்கார வெட்கம். "நீயும் எழுதுட்டி, தொணைக்கு" என்று அவள் பெயருக்கும் சேர்த்து ஃபாரம் வாங்கி வந்தார். எட்டாவதோடு நின்று, தாராவியில் பை தைக்கும் பட்டறைக்குப் போனவள் அவள். காலையில் தண்ணீர் வருவதற்கு முன் இருவரும் ஒரே நோட்டில் கணக்குப் போட்டார்கள். அவருக்கு வேலைக்கு ஆகும் என்று வந்தவளுக்கு, எக்ஸைத் தனியே பிரித்து எடுக்கும் அந்த நிமிடம் பிடித்துப்போனது. அதை அவரிடம் சொல்லவில்லை.

பரீட்சைக்குப் பின் இரண்டு மாதம் அவர் நடையே மாறிவிட்டது. கூட வேலை பார்க்கும் கிருஷ்ணாவிடம் ஃபோனில், "மேத்ஸ் ஏக்தம் ஈஸி, ஒண்ணுமேயில்ல. வீட்லயும் அதே ஆன்ஸர்தான்" என்று சொன்னதைக் கேட்டபடி அவள் சோறு வடித்தாள். அன்றைக்கே சொல்லியிருக்கலாம் என்று தோன்றும். நாள் போகப் போக அது இன்னும் கடினமாயிற்று.

ரிசல்ட் வந்தது. அவள் பாஸ். அவருக்குக் கணக்கில் முப்பத்தொன்று, நான்கு மார்க் குறைவு.

அன்றும் அவர் டியூட்டிக்குப் போனார். திரும்பி வந்து, யூனிஃபார்மைக்கூடக் கழற்றாமல் கேட்டார்.

"ஒனக்கு அன்னைக்கு என்ன வந்துச்சி?"

"நாப்பத்தெட்டு."

"எனக்குத் தெரிஞ்சா சங்கடப்படுவேன்னு மறச்சியா?"

"ஆமா."

"எல்லார்கிட்டயும் சொல்லிட்டேம்ட்டி" என்றார். குரல் உயரவில்லை. "அங்கனயே சொல்லியிருந்தா ஒரு நாளோட போயிருக்கும்லா."

வெளியே சந்தில் யாரோ ஸ்கூட்டரைக் கிளப்பப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அது கிளம்பவில்லை.

"ஜூலையில திரும்ப வைக்கான்" என்று தரையில் உட்கார்ந்தார். நோட்டை இழுத்து அதே கணக்கை எழுதினார். எட்டு எக்ஸ், கழித்தல் மூன்று எக்ஸ், சமம் இருபது. பேனா அங்கே நின்றது.

பிரேமலதா எதிரில் வந்து உட்கார்ந்தாள். அந்த இருபதுக்குக் கீழே விரலை வைத்தாள். அவர் நிமிரவில்லை. விரலை விலக்கவும் சொல்லவில்லை.