ஊருக்கு ஒரே பிரேக்

உயிரின் விலை நானூறு. டயரோடு சேர்த்து எடுத்தால் அறுநூற்றைம்பது. இன்ஸ்பெக்‌ஷன் ஆபீசுக்கு எதிரே தகரக் கொட்டகையில் கார் சாமான்களை வாடகைக்கு விடும் கடை வைத்திருந்த வாடகைக்காரர், மகளைப் பள்ளிக்கூடத்தில் சேர்த்த நாளிலிருந்து அவளுக்குக் கல்யாணம் ஆகும்வரை இந்த விலையை ஏற்றவில்லை. யார் வந்து பேரம் பேசினாலும் சல்லிக்காசு இறக்கவும் இல்லை. பதிவைப் புதுப்பிக்க வேண்டிய கார் எதுவானாலும் முதலில் அவர் கடைக்குத்தான் வரும். நல்ல டயர் நான்கு, பளபளவென்று துடைத்த ஹெட்லைட் இரண்டு, கணீரென்ற ஹாரன் ஒன்று, எல்லாவற்றுக்கும் மேலாக, சக்கரத்தை உரசிப் பிடித்து நிறுத்துகிற பிரேக் ஷூ ஒரு செட். ஜாக்கி வைத்துத் தூக்கி அவரே மாட்டுவார். பொருந்தாத வண்டிக்குச் சுத்தியல் பொருத்திவிடும். எதிரே போய் ஓடிக்காட்டி, நின்றுகாட்டி, கையெழுத்து வாங்கிக்கொண்டு வண்டி திரும்பியதும் அத்தனையும் கழற்றப்பட்டு அடுத்த வண்டிக்குப் போகும். வழுக்கை டயரும் செத்த பிரேக்கும் தத்தம் இடத்துக்குத் திரும்பும். பிரேக் இன்ஸ்பெக்டருக்கு அந்த ஹாரன் சம்பந்தி வீட்டு இருமல் மாதிரி அத்துப்படி. "இது இன்னும் சாகலியாய்யா?" என்று கேட்டபடியே கையெழுத்துப் போடுவார். அவருடைய சொந்தக் காரும் அதே சாமான்களோடுதான் பாஸாகியிருந்தது, முழு விலைக்கு.

ஊரில் மிச்சமிருந்த கடைசிக் காரும் அந்த ஷூவில் பாஸான வருடம், ஊருக்கு மொத்தமாக ஒரே ஒரு பிரேக்தான் இருக்கிறது என்பது தெரியவந்தது. பல் டாக்டர் தன் வீட்டு வாசலில் பிரேக்கை மிதித்த அதே நொடியில் ரொட்டிக்கடைக்காரர் தன் கடை வாசலில் மிதித்தார். டாக்டர் நின்றார். ரொட்டி வேன் தன் கடையைத் தாண்டி, கூரியர் ஆபீசைத் தாண்டி, டைல்ஸ் கடைக் கண்ணாடியை உடைத்துக்கொண்டு போய், டாக்டர் பெடலிலிருந்து காலை எடுத்த பிறகே நின்றது. மெக்கானிக்குகள் கழற்றிப் பார்த்தார்கள். குறை ஒன்றும் இல்லை. புது பிரேக் வாங்கி மாட்டியவர்களுக்கும் அதே கதிதான். கையெழுத்து விழுந்தது வாடகை பிரேக்குக்கு; புதுசுக்கு அந்த வண்டியை நிறுத்தும் உரிமை இல்லை. திரும்பச் சோதித்துத் தரும்படி ஆபீசில் போய் நின்றார்கள். பதிவுத் தவணை முடியாத வண்டியைச் சோதிக்க விதியில் இடமில்லை என்று இன்ஸ்பெக்டர் வருத்தத்தோடு சொன்னார். வருத்தம் பொய்யில்லை, அன்று காலை அவர் காரும் பெட்ரோல் பங்கைத் தாண்டி வெகுதூரம் போயிருந்தது. என்ஜினை அணைத்தாலும் மேட்டில் ஏற்றினாலும் வண்டி ஆள் நடக்கிற வேகத்துக்குக் குறையுமே தவிர நிற்காது. நின்ற வண்டி நின்றபடி இருக்கும், நிறுத்துவதுதான் பாடு. ஒரு நேரத்தில் ஒருவர் நிற்கலாம், மற்றவர்கள் ஓடிக்கொண்டிருக்க வேண்டும்.

ஊரில் யார் பிரேக்கை மிதித்தாலும் தன் கடை ஆணியில் தொங்குகிற ஷூ சூடேறிக் கருகல் வாடை வீசுவதை வாடகைக்காரர் கவனித்தார். கவனித்த வாரமே முறை விற்க ஆரம்பித்துவிட்டார். நிற்க விரும்புகிறவர் கடைக்குப் போன் செய்ய வேண்டும். "இப்ப நீங்க" என்று இவர் சொன்னதும் மிதிக்கலாம். கேட்காமல் மிதித்துச் சுவரோடு போன இரண்டு பேரைப் பார்த்த பிறகு ஊர் ஒழுங்குக்கு வந்தது. நூறு முறைக்கு முன்பணம் கட்டினால் பத்து முறை இனாம். ஆபீசுக்குப் போகிறவர்கள் முறை வரும்வரை தெருவைச் சுற்றிச் சுற்றி வந்தார்கள், காய்கறிப் பைகள் ஜன்னல் வழியாக வீசப்பட்டன, கடன்காரனைப் பார்த்தும் நிற்காமல் போவதற்கு முதன்முறையாக நியாயமான காரணம் கிடைத்தது. வாடகைக்காரரின் மனைவிக்கு மட்டும் அந்த வாடை பிடிக்கவில்லை.

"ஊரையே ஒரு ஆணியில தொங்கவிட்டிருக்கீங்க. அது தேஞ்சு போனா?"

"தேயறப்ப பாத்துக்கலாம்," என்றார்.

தேய்ந்துகொண்டுதான் இருந்தது. செருப்புத் தோல் கனத்தில் ஷூமேல் ஒட்டியிருந்த லைனிங் அட்டை கனத்துக்கு வந்து, அட்டையிலிருந்து வெங்காயத் தோலுக்கு வந்தது. புது லைனிங் ஒட்டிப் பார்த்தார். ஷூ பிணம் மாதிரிச் சில்லிட்டது, ஊரில் எதுவும் நிற்கவில்லை, பதறிப்போய்ப் பிய்த்தெடுத்தார். யாரிடமும் மூச்சு விடவில்லை. முன்பணம் வாங்குவதையும் விடவில்லை, விட்டால் ஏன் என்று கேட்பார்களே.

மேட்டுத்தெருவில் குடியிருந்த மகளுடைய காரும் அந்த ஷூவில் பாஸானதுதான். சாமான் கடையில் சும்மா தொங்கும்போது புதுசு வாங்குவானேன் என்பது அவர் கணக்கு. மருமகன் நானூறை நீட்டியபோது "நம்ம வண்டிக்குக் காசா மாப்ள?" என்று கையைத் தட்டிவிட்டார். வாழ்நாளில் அவர் இனாமாகக் கொடுத்த வாடகை அது ஒன்றுதான். பிரேக் விஷயம் வெளியே வந்ததும் மகள் காரை வாசலில் விட்டவள், அப்புறம் சாவியைத் தொடவே இல்லை. அப்பாவிடம் முறை கேட்டதும் இல்லை.

ஒரு நாள் மத்தியானம் இன்ஸ்பெக்டர் ஓடுகிற காரிலிருந்து கடை போனில் தன் முறைக்குக் காத்திருந்தார். வாடகைக்காரர் ஷூவைத் திருப்பிப் பார்த்தார். லைனிங் வழியாக அந்தப் பக்கத்து வெளிச்சம் தெரிந்தது. இனி ஒரு தடவை, அதற்கு மேல் இல்லை. அந்த நேரம் பார்த்துச் சட்டைப்பையில் கைபேசி அடித்தது.

"அப்பா, பாப்பாவுக்கு உடம்பு கொதிக்குது, கண்ணு செருகுது. இவரும் ஊர்ல இல்ல. வண்டிய எடுத்துட்டேன்."

"எங்கம்மா இருக்கே?"

"இறக்கத்துல. ஆஸ்பத்திரி வாசல்ல ஒரே ஒரு தடவ நிக்கணும்ப்பா."

இன்னொரு காதில் இன்ஸ்பெக்டர், "என்னய்யா, மிதிக்கவா?" என்றார்.

வாடகைக்காரர் ஷூவை மறுபடி ஆணியில் மாட்டினார். "கொஞ்சம் சுத்திட்டு வாங்க சார்."

"எத்தன சுத்து?"

அவர் கடை போனைக் கீழே வைத்தார். கைபேசியில், "இப்ப நீ," என்றார்.

ஆணியில் ஷூ சிவந்தது, வெளுத்தது, பிறகு ஒரு பிடி சாம்பலாகத் தரையில் உதிர்ந்தது. மகளின் கார் ஆஸ்பத்திரிப் படியருகே பூனை மாதிரி நின்றது. குழந்தை பிழைத்துக்கொண்டது. மனைவி துடைப்பத்தை எடுத்து வந்து சாம்பலைக் கூட்டி அள்ளினாள்.

அன்று மத்தியானம் நின்றுகொண்டிருந்த கார்களை அதற்குப் பிறகு யாரும் எடுக்கவில்லை. ஓடிக்கொண்டிருந்த பதினொன்றும் இன்றுவரை ஓடுகின்றன. பங்க்காரர் கேனோடு பக்கத்தில் நடந்தே பெட்ரோல் ஊற்றுகிறார். பல் டாக்டர் ஜன்னல் வழியாகப் பல் பார்க்கிறார், கட்டணம் கொஞ்சம் கூடுதல். இறங்கத் தெரிந்தவர்கள் குதித்து இறங்கிக்கொண்டார்கள். இன்ஸ்பெக்டருக்கு முழங்கால் வலி. அவர் மனைவி தினமும் திருப்பத்தில் நின்று சாப்பாட்டு டப்பாவை நீட்டிவிட்டு, முந்தின நாள் டப்பாவை வாங்கிக்கொள்கிறாள். பதிவுத் தவணைகள் முடிந்தன. வண்டியை ஆபீஸ் வாசலில் கொண்டுவந்து நிறுத்தினால்தான் சோதனை என்கிறது விதி. நிறுத்த முடிந்தால் சோதனை எதற்கு என்கிறார்கள் ஜனங்கள். இரண்டு பக்கமும் நியாயம் இருப்பதால் பேச்சு அதோடு நிற்கிறது.

சாயங்காலங்களில் கடையைத் தாண்டும்போது இன்ஸ்பெக்டர் மெல்ல ஹாரன் அடித்து, முறை வந்துவிட்டதா என்று கேட்பார். "இன்னும் ஒரு சுத்து சார்," என்பார் வாடகைக்காரர், எழுந்து நின்று, மரியாதையாக. கார் திருப்பத்தில் மறைந்ததும் உட்கார்ந்து மனதுக்குள் கணக்குப் போடுவார். முன்பணம் வாங்கிக்கொண்டு இன்னும் கொடுக்க வேண்டிய நிறுத்தங்கள், முந்நூற்றுப் பன்னிரண்டு. காசு வாங்காமல் கொடுத்தது, ஒன்று. கையிருப்பு, ஆணி.