பாலத்துக்கு வந்த கட்டில்

தெமியானா அப்பாவின் தலையணையைத் தட்டிப் போடப் போனாள். அம்மா கையைப் பிடித்துக்கொண்டாள்.

"இன்னைக்கு ஒரு நாள் விடுடி."

அப்போதுதான் வாசலில், ஊரார் மரியாதைக்குப் 'பாஷா' என்று கூப்பிடும் போலீஸ் அதிகாரி வந்து நின்றார்.

"ஆறுதல் சொல்லிட்டுப் போலாம்னு வந்தேன்," என்றார். "அப்புறம், உங்க பாதிரியாரை வாய்க்கால் பாலத்துல நிறுத்தி வெச்சிருக்கோம்."

அப்பா பிஷாய் இந்தக் கட்டிலில் செத்து இன்று மூன்றாம் நாள். பாதிரியார் வீட்டுக்கு வந்து ஜெபித்து, தண்ணீர் தெளித்து, ஆவியை வழியனுப்ப வேண்டிய நாள். அதுவரை அது செத்த இடத்தை விட்டு நகராது. 'என்னை இங்கயே உக்கார வெச்சுடாதீங்க' என்பதுதான் அப்பாவின் கடைசிப் பேச்சு. நியாயமான பயம். தேவாலயக் கழிவறைக்குக் கதவு போட அனுமதி கேட்டுப் பதினேழு வருடம் அலுவலகப் பெஞ்சுகளில் உட்கார்ந்திருந்த மனிதர். அனுமதி வருவதற்கு முன்னால், பாதுகாப்புக் காரணங்களுக்காக, தேவாலயத்தையே பூட்டிவிட்டார்கள். கழிவறைப் பிரச்சினையும் அதோடு தீர்ந்தது.

"வீட்டுல கூடி ஜெபம் பண்ண அனுமதி இல்ல," என்றார் அதிகாரி. "போன மாசம் உங்க ஜன்னல்ல கல்லெறிஞ்சது மறந்துபோச்சா? உங்க நல்லதுக்குத்தான் சொல்றேன். டவுன்ல வெச்சுக்குங்க."

"அப்பா இங்க இருக்காரே, பாஷா," என்றாள் தெமியானா. " மினிபஸ்ல சீட்டு வாங்கி ஏத்திக்கிட்டுப் போறதா?"

"புதைச்சாச்சு இல்ல?"

"உடம்பைத்தானே."

அதிகாரி குறிப்பேட்டை எடுத்தார். "உள்ள எத்தனை பேரு?"

"நானும் அம்மாவும். அவரையும் சேத்துக்குவீங்களா?"

பேனா கட்டிலுக்கு நேராக நின்றது.

"சேத்தா மூணு பேரு. சேக்கலைன்னா, வழியனுப்பவே ஆள் இல்ல. அப்ப பாதிரியாரை எதுக்கு மறிக்கறீங்க?"

குறிப்பேடு மூடிக்கொண்டது. "அனுமதி இல்லைன்னா இல்லதான்."

"அனுமதி வீட்டுக்குள்ளதானே இல்ல?" என்ற தெமியானா கட்டிலின் தலைமாட்டைப் பிடித்தாள்.

அம்மாவுக்குப் புரிந்துவிட்டது. "வேணாம்டி. நாளைக்கும் நாம இதே தெருவுலதான் இருக்கணும்."

"அவரும் இருக்கணுமா?"

அம்மா கறுப்பு முக்காட்டை இறுக்கிக்கொண்டு எழுந்து, கால்மாட்டைப் பிடித்தாள்.

இரும்புக் கட்டில் வாசலில் சிக்கியது. சாய்த்தபோது அம்மா மெத்தையின் குறுக்கே கையைக் கொடுத்துத் தடுத்தாள். "பாத்து. விழுந்துடப்போறாரு."

எதிர் வீட்டு அப்துல் மக்சூத் கையைத் துடைத்துக்கொண்டே வந்தார். "என்ன புள்ள, கட்டிலை விக்கிறீங்களா?"

"அப்பாவைப் பாலத்துக்குக் கொண்டு போறோம், மாமா. பாதிரியாரை அங்க நிறுத்திட்டாங்க."

அவர் அதிகாரியைப் பார்த்தார், கட்டிலைப் பார்த்தார். பிறகு கட்டிலின் ஒரு காலைத் தோளுக்கு ஏற்றிக்கொண்டு, தன் இரண்டு மகன்களையும் பெயர் சொல்லிக் கூப்பிட்டார்.

"இதுல உங்களுக்கென்ன வேலை?" என்றார் அதிகாரி. "நீங்க முஸ்லிம்."

"முப்பது வருஷமா ஒவ்வொரு குளிர்காலமும் என் டிராக்டரை இந்த ஆளுதான் தள்ளிவிட்டான், பாஷா. ஒரு நாள் நான் தள்ளிவிடக் கூடாதா?"

கட்டில் தெருவில் நடந்தது. பின்னால் அதிகாரி போனில் மேலிடத்தோடு பேசிக்கொண்டே வந்தார். "கட்டில் சார்... ஆமா, காலிதான்... முழுசா காலின்னு சொல்ல முடியாது சார்."

காபிக் கடையில் இருந்தவர்கள் பழக்கத்தில் எழுந்து நின்றார்கள். பாடை போனால் எழுவது ஊர் வழக்கம். அருகே வந்ததும்தான் அது வெறும் கட்டில் என்று தெரிந்தது. ஆனால் முதலில் உட்காருவது யார் என்று முடிவாகாததால் எல்லோரும் நின்றுகொண்டே இருந்தார்கள். போன மாதம் இவர்கள் ஜன்னலில் கல்லெறிந்தவனும் நின்றான், கையில் டோமினோ கட்டையோடு. தெமியானா அவன் முகத்தைப் பார்த்தபடியே கடந்தாள். அவன்தான் கட்டையைப் பார்த்தான்.

பாலத்தில் சிப்பாய்கள் துப்பாக்கியை நிமிர்த்தினார்கள். கட்டிலை எதிர்த்து என்ன செய்வது என்று யாரும் அவர்களுக்குச் சொல்லிக் கொடுத்திருக்கவில்லை. தெமியானா பாலத்தின் நட்டநடுவில் கட்டிலை இறக்கச் சொன்னாள்.

"இது எங்க வீடு இல்லையே," என்றாள் பாதிரியாரிடம். "ஆரம்பிங்க, அபூனா. சத்தமா."

பாதிரியார் பையிலிருந்து தண்ணீர்க் குப்பியை எடுத்தார். ஜெபம் வாய்க்காலின் இரண்டு கரைக்கும் கேட்டது. அம்மா மெத்தை விளிம்பில் உட்கார்ந்து, விரிப்பின் சுருக்கத்தை நீவிக்கொண்டிருந்தாள்.

கரும்பு ஏற்றிய டிராக்டர் ஒன்று வந்து பாலத்து முனையில் நின்றது. ஓட்டுநர் ஹாரனில் கையை வைத்தான். கொஞ்ச நேரம் பார்த்தான். கையை எடுத்து, சாவியைத் திருப்பி, எஞ்சினை அணைத்தான்.