சூரியத்தூணின் அடியில்

மணல் வருவது நின்றுவிட்டது.

காலையிலிருந்து சுரங்கவழியாகக் கூடை கூடையாக வெளியேறிக்கொண்டிருந்த மணல். அமுன் தெய்வத்தின் கோயிலுக்காக ஒற்றைக் கல்லில் செதுக்கிய இரண்டாவது சூரியத்தூண், மண்மேட்டின் உச்சியிலிருந்து மணல் நிரப்பிய குழிக்குள் பாதி சரிந்து நின்றது. அடியில் மணலை எடுக்க எடுக்கத் தூண் இறங்கும். கீழே பீடத்தில் வெட்டிய பள்ளத்தில் அதன் விளிம்பு பதியும். பிறகு இழுத்து நிமிர்த்திவிடலாம். இருநூறு பேர் வடம் பிடித்து அதைத் தாங்கியிருந்தார்கள்.

மணல் வேலைக்குப் பொறுப்பான இபூய் சுரங்க வாயில் குனிந்து கத்தினான். உள்ளே இருந்தவன் கென்னா, இபூயின் மனைவியின் தம்பி.

"மாப்ள! என்னாச்சு?"

"மணல் சரிஞ்சு கால அமுக்கிருச்சு மச்சான். பள்ளத்துல கல்சில்லு ஒண்ணு வேற கெடக்கு. கயித்த விட்றாதீங்க!"

மேட்டின்மேல் நின்ற மேற்பார்வையாளர் திதியாவிடம் இபூய் ஓடினான்.

"கொஞ்சம் பொறுக்கணும் எசமான். ஆள் உள்ள மாட்டிக்கிட்டான்."

திதியா வடக்குப் பக்க வடத்தைக் காட்டினார். நார்கள் ஒவ்வொன்றாகத் தெறித்துக்கொண்டிருந்தன.

"அது எவ்வளவு நேரம் தாங்கும்னு நெனக்கிற? அறுந்தா கல்லு உருண்டு அம்பது பேர நசுக்கும். நாளைக்கு விடியும்போது மன்னர் இங்க நிப்பாரு. சூரியசாமி ரா எழும்பும்போது மொதல் வெளிச்சம் ரெண்டு உச்சியிலயும் ஒண்ணா விழணும். ஒத்தத் தூணக் காட்டி என்னத்தச் சொல்றது?" குரல் தணிந்தது. "வடத்தத் தளர்த்தச் சொல்லு இபூய்."

அவர் சொன்னதில் பொய் இல்லை. வடம் பிடித்தவர்கள் எல்லாரும் அவன் ஊர்க்காரர்கள். அவன் சொன்னால் தளர்த்துவார்கள்.

அவன் அவர்கள் பக்கம் திரும்பினான்.

"வடத்துக்குத் தண்ணி ஊத்துங்கடா, நனைஞ்சா தாங்கும்! நானும் உள்ள போறேன். விடறதுன்னா என் பொண்டாட்டி கிட்ட நீங்களே போய்ச் சொல்லிக்குங்க!"

திதியா வாய் திறப்பதற்குள் அவன் சுரங்கத்துக்குள் தவழ்ந்திருந்தான்.

உள்ளே தலைக்குமேல் கல் முனகியது. கென்னா இடுப்புவரை மணலில் புதைந்திருந்தான். இபூய் இரு கைகளாலும் தோண்டினான்.

"அக்காவுக்குப் பயந்துதானே வந்த?" கென்னா கேட்டான்.

"வாய மூடிட்டுக் கால உதறு."

வெளியே பல குரல்கள் ஒன்றாக அலறின. கல் ஒரு விரற்கடை இறங்கியது. கென்னாவின் கால் விடுபட்டது. பாதம் திரும்பிக் கிடந்தது.

"சில்லு மச்சான், சில்ல எடுத்துரு!"

இபூய் கையை நீட்டினான். நுனிவிரல் பட்டது. இன்னும் ஒரு சாண் உள்ளே போனால் எடுத்துவிடலாம். தூசி பொலபொலவென்று அவன் கழுத்தில் கொட்டியது. கையை இழுத்துக்கொண்டான். கென்னாவின் அக்குளில் கைகொடுத்துப் பின்னோக்கித் தவழ்ந்தான்.

வெளிச்சத்துக்கு வந்த கையோடு வடக்கு வடம் அறுந்தது. மற்ற வடங்களைச் சடசடவென்று தளர்த்தினார்கள். தூண் மணலை நசுக்கிக்கொண்டு இறங்கியது. தரை அதிர்ந்தது. யாரும் சாகவில்லை.

மாலைக்குள் நிமிர்த்திவிட்டார்கள். சில்லு தடுத்ததில் தூண் பள்ளத்தைவிட்டு இரண்டு விரல் விலகி, சற்றே திரும்பி நின்றது. திதியா பீடத்தைச் சுற்றிவந்தார். குனிந்து பார்த்தார். இடைவெளியில் விரலை விட்டு அளந்தார்.

"இது வெளிய தெரிஞ்சா நம்ம ரெண்டு பேருக்கும் மூக்க அறுத்து கூஷ் தேசத்துத் தங்கச் சுரங்கத்துக்கு அனுப்பிருவாங்க," என்றார் இபூயிடம். "சுண்ணாம்புச் சாந்து குழைக்கச் சொல்லு. நானே பூசறேன்."

மறுநாள் விடியலில் இரண்டு பொன்தகட்டு உச்சிகளும் ஒரே கணத்தில் பற்றிக்கொண்டன. மன்னர் கைகளை உயர்த்தினார். கூட்டம் மண்ணில் விழுந்து வணங்கியது. நெற்றி தரையில் பட, இபூய் பீடத்தின் ஈரச் சாந்தையே பார்த்துக்கொண்டிருந்தான். பக்கத்தில் திதியாவும் அதைத்தான் பார்த்தார்.