அடிப்பிடிக்காத சோறு

எதிர்வீட்டு மஹீன் அம்மாவிடம் டொலறஸ் கண்ட ஒரே குறை அவருடைய சோறுதான். மற்றப்படி மனுசி தங்கம். டொலறஸும் கணவன் பஸ்தியாம்பிள்ளையும் வால்தம்ஸ்டோவில் அந்த பிளாட்டுக்குக் குடிவந்த கிழமையே கதவைத் தட்டி, நெஞ்சைத் தொட்டுத் தன்னை ஈரான் என்று சொல்லிவிட்டு, ஒரு தட்டுச் சோற்றை நீட்டியவர். பூப்போல உதிரியான வெள்ளைச் சோறு, மேலே குங்குமப்பூ மஞ்சள். ஆனால் ஓரத்தில், ஒரு வெட்கமும் இல்லாமல், பானையின் அடியில் பிடித்து முறுகிப்போன சோற்றுக் கட்டி ஒன்று இருந்தது. ஒருநாள் என்றால் போகட்டும் என்று விடலாம். இரண்டு வருடமாக வெள்ளிக்கு வெள்ளி இதே கதைதான்.

"பாவம், வயசு போட்டுது. அடுப்பில வைச்சிட்டு மறந்துபோறா போல" என்று டொலறஸ் பரிதாபப்படுவாள்.

"நீர் அதை அவவிட்டச் சொல்லிப்போடாதையும். மனம் நொந்துபோவா" என்பான் பஸ்தியாம்பிள்ளை.

சொல்வாளா? மன்னாரில் அவள் பிறந்த வீட்டில் சோறு அடிப்பிடித்தால் அது சமைத்தவள் தலையில்தான் விழும்; விருந்தாளியின் கண்ணில்கூடக் காட்டமாட்டார்கள். ஆகவே அந்தக் கட்டியைக் கிள்ளிப் புறாக்களுக்குப் போட்டுவிட்டு, தட்டைக் கழுவிக் கொடுக்கும்போது 'வெரி நைஸ்' என்பாள்.

இருவருக்கும் இங்கிலீஷ் அரைகுறைதான். ஆனால் ஒருநாள் தேத்தண்ணி குடிக்கும்போது மஹீன் அம்மா பாதாம் பருப்பை நீட்டி 'பாதாம்' என்றார். இவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது, தமிழிலும் அதுதானே. அன்றிலிருந்து இரண்டு பேருக்கும் அது ஒரு விளையாட்டாகப் போயிற்று. வக்கீல் அங்கேயும் வக்கீல். சிபாரிசுக்கு அவர்கள் சிபாரிஷ் என்கிறார்கள். புதிதாக ஒரு சொல் அகப்பட்டால் மஹீன் அம்மா சின்னப் பிள்ளைபோலக் கைதட்டுவார்.

தொண்ணூறாம் ஆண்டு குளிரோடு அவருக்கு வயிற்றில் புற்றுநோய் என்று வந்தது. டாக்டர்கள் கைவிரித்துவிட்டார்கள். சாகிறதென்றால் தன் கட்டிலில்தான், ஆஸ்பத்திரிக்குப் போகவே மாட்டேன் என்று மனுசி ஒற்றைக்காலில் நின்றார். தங்கை மகள் ஷிரின் மான்செஸ்டரில் கைக்குழந்தையோடு இருந்தாள், சனி ஞாயிறில்தான் வர முடியும். மற்ற நாட்களில் டொலறஸ்தான் எல்லாம். காலையில் ஒரு நேர்ஸ் வந்து ஊசி போட்டுவிட்டுப் போவாள்.

நோய் முற்ற முற்ற இருந்த இங்கிலீஷும் அவரை விட்டுப் போய்விட்டது, பாரசீகம் மட்டும் மிஞ்சியது. பிறகு சாப்பாடும் நின்றது. நேர்ஸ் ஒளிக்காமல் சொன்னாள்: ஒன்றுமே சாப்பிடாத ஆளைத் தனியே வீட்டில் விடமுடியாது, இப்படியே போனால் ஆம்புலன்ஸைக் கூப்பிடத்தான் வேண்டும். ஷிரின் போனில் அழுதாள். பெரியம்மா எதைக் கேட்டாலும் செய்து கொடுங்கள், ஒரு வாயாவது உள்ளே போனால் வீட்டிலேயே வைத்திருக்கலாம் என்று கெஞ்சினாள்.

வியாழன் மத்தியானம் மஹீன் அம்மா வாய்திறந்து கேட்டார். பானையைக் கவிழ்ப்பதுபோலக் கையைத் திருப்பிக் காட்டி, 'பெரெஞ்' என்றார். பெரெஞ் என்றால் சோறு, அது டொலறஸுக்குத் தெரியும். மாதாவே, கேட்டுவிட்டாரே என்று குசினிக்கு ஓடினாள்.

அவர் சமைக்கிறதை வாசலில் நின்று எத்தனையோ தரம் பார்த்திருக்கிறாள். அரிசியை உப்புத் தண்ணீரில் ஊறவைத்து, அரைவேக்காட்டில் வடித்து, அடியில் நிறைய எண்ணெய் விட்டுச் சோற்றைக் குவித்து, மூடிக்குத் துணி சுற்றி, சிறுநெருப்பில் நெடுநேரம் விடுவார். அந்த நெடுநேரத்தில்தானே மறந்துபோய் அடிப்பிடிக்க விடுகிறார்! இன்றைக்காவது மனுசி நல்ல சோறு சாப்பிடட்டும் என்று டொலறஸ் எண்ணெயைக் குறைத்தாள், கொஞ்சம் தண்ணீர் தெளித்தாள், கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு காவலிருந்து, அகப்பைக் காம்பால் அடியைக் கிளறிக் கிளறி விட்டாள். இறக்கியபோது பானையின் அடியில் ஒரு பருக்கை ஒட்டியிருக்கவில்லை. அவளுக்குப் பெருமை தாங்கவில்லை.

தட்டைக் கண்டதும் மஹீன் அம்மா தானாகவே எழும்பி உட்கார்ந்தார். கரண்டியை வாங்கிச் சோற்றை ஒரு பக்கம் ஒதுக்கினார், பிறகு மற்றப் பக்கம். அடிவரை துழாவினார். கரண்டியால் தட்டைச் சுரண்டிக் காட்டி, டொலறஸை நிமிர்ந்து பார்த்தார்.

"தாதிக்?"

டொலறஸின் அக்கா மன்னார் ஆஸ்பத்திரியில் தாதியாக, அதுதான் நேர்ஸாக, இருந்தவள். அந்த வீட்டில் பிறந்தவளுக்கு அது வேறு எப்படிக் காதில் விழும்?

"தாதியோ?"

மஹீன் அம்மாவின் முகம் மலர்ந்தது. ஓம் ஓம் என்று தலையாட்டி, இவள் கையைப் பிடித்துக்கொண்டு, "தாதிக், தாதிக்" என்றார். இதுவும் நம் இரண்டு பேருக்கும் பொதுவான சொல்தான் என்று டொலறஸ் நினைத்தாள். வலி தாங்க ஏலாமல் தானாகவே நேர்ஸைக் கேட்கிறார் என்று போனுக்கு ஓடினாள்.

வந்தவள் வேறொரு நேர்ஸ். வாய் படாத சோற்றைப் பார்த்தாள், நாடி பார்த்தாள், ஆம்புலன்ஸுக்குச் சொன்னாள். தூக்குக்கட்டிலைக் கண்ட பிறகுதான் மஹீன் அம்மாவுக்கு விளங்கியது. டொலறஸின் சட்டைக் கையைப் பிடித்த பிடியை விடவேயில்லை. விரல் விரலாகப் பிரித்தெடுக்க வேண்டியிருந்தது. நீங்கள்தானே அம்மா கேட்டீர்கள் என்று இவள் தமிழில் சொல்லிச் சொல்லிக் கன்னத்தைத் தடவினாள். ஞாயிறு விடியமுன் ஆஸ்பத்திரியில் உயிர் போய்விட்டது.

பெரியம்மாவை இழுத்துக்கொண்டா போனார்கள் என்று ஷிரின் தலையில் அடித்துக்கொண்டு அழுதாள். டொலறஸ் அவளைக் கட்டிப்பிடித்து, இல்லை பிள்ளை, அவவே தன் வாயால் நேர்ஸைக் கேட்டவ என்றாள். அந்த ஒரு பேச்சில்தான் அந்தப் பெட்டை கொஞ்சம் அடங்கினாள். துக்கத்துக்கு வந்தவர்களுக்கெல்லாம் ஷிரினும் அதையே சொன்னாள்.

ஏழாம் நாள் ஷிரின் சமைத்தாள். பெரிய பானையைத் தாம்பாளத்தில் கவிழ்த்துத் தூக்கினாள். மேலே பொன்னிறத்தில், வட்டமாக, முறுகிய அடிச்சோறு. சுற்றியிருந்த சனம் அத்தனையும் கைநீட்டியது. ஷிரின் எல்லாக் கையையும் தட்டிவிட்டு, பெரிய துண்டாகப் பார்த்து உடைத்து டொலறஸின் தட்டில் வைத்தாள். இதுதான் விருந்தாளிக்கு நாங்கள் கொடுக்கிற மரியாதை, பெரியம்மாவுக்கு இதென்றால் உயிர், தனக்கென்று வைக்காமல் உங்களுக்குத் தந்துவிடுவதாகச் சொல்லுவார் என்றாள். பெயரையும் சொன்னாள், தாதிக். தா என்றால் அடி, தீக் என்றால் பானை.

டொலறஸ் அந்தத் துண்டை விரலால் தொட்டுப் பார்த்தாள். கடவுளே, புறாக்களுக்குப் போட்டதும் அதுதான், அவர் கடைசியாக ஆசைப்பட்டுக் கேட்டதும் அதுதான். தாதியும் இல்லை, வலியும் இல்லை, ஒரு துண்டு அடிச்சோறு. அதைக் கொடுத்திருந்தால் மனுசி சாப்பிட்டிருப்பார், தன் கட்டிலிலேயே செத்திருப்பார்.

ஷிரின் அவளருகில் குந்தி, வீங்கிய கண்ணோடு இன்னுமொருமுறை கேட்டாள், பெரியம்மா தானாகத்தானே நேர்ஸைக் கேட்டார் என்று.

"ஓம் பிள்ளை. அவவேதான் கேட்டவ" என்றாள் டொலறஸ்.

அடுத்த சனிக்கிழமை கோவிலில் பாவசங்கீர்த்தனத்துக்கு முழந்தாளிட்டாள். பொய் சொன்னேன் சுவாமி என்றாள். எதற்கு என்று ஐரிஷ் சுவாமியார் கேட்க, ஒரு பிள்ளையின் மனம் ஆறுவதற்கு என்றாள். மூன்று 'அருள் நிறைந்த மரியே' செபம் சொல்லும்படி சொல்லி அனுப்பிவிட்டார். சோற்றின் கதையை அவள் சொல்லவில்லை. அது பத்துக் கட்டளையில் எதற்குள் அடங்கும் என்று அவளுக்குத் தெரியவில்லை.